பாகில் விளையாடுங்கள், வினிகரில் வேண்டாம்

டெக்சாஸில் வீட்டுக்குப் பின்னால் ஹாலபீனோ மிளகாய் வளர்க்கும் தமிழர்களுக்கு,



அக்டோபர் வந்துவிட்டது. ஜூலையிலும் ஆகஸ்டிலும் பூவையெல்லாம் உதிர்த்துவிட்டு நின்ற செடிகள் இப்போது கிளை வளையக் காய்த்திருக்கும். பகல் வெயில் 35 டிகிரியைத் தாண்டி, இரவும் தணியாமல் புழுங்கினால் மிளகாய்ச் செடி பிஞ்சு பிடிக்காது. இரவு கொஞ்சம் குளிர்ந்ததும் விட்டதற்கெல்லாம் சேர்த்துக் காய்க்கும். டல்லாஸ் பக்கம் நவம்பர் நடுவில் முதல் உறைபனி விழுந்துவிடும். ஹூஸ்டனில் இன்னும் சில வாரம் தாங்கும். அதற்குள் பறித்தாக வேண்டும். பக்கத்து வீட்டுக்குக் கொடுக்கலாமென்றால் அங்கேயும் இதே கதை. பியர்லாண்ட் மீனாட்சி கோயிலுக்குப் பை நிறைய மிளகாய் எடுத்துப் போய், வேறொருவர் கொடுத்த மிளகாய்ப் பையோடு திரும்பியவர்களை எனக்குத் தெரியும்.

பறித்த காயை என்ன செய்கிறோம்? கொஞ்சம் பஜ்ஜி. கொஞ்சம் ஃப்ரீசர். மோர் மிளகாய் போட்டுப் பார்த்தவர்களும் உண்டு. ஹாலபீனோவின் சதை தடிமன். ஹூஸ்டன் ஈரக்காற்றில் அது காய்வதற்கு முன் பூஞ்சை முந்திக்கொள்ளும். மோர் மிளகாய்க்கு ஊர்க் காய்தான் சரி. மீதி அழுகிக் குப்பைக்குப் போகிறது. இதற்கெல்லாம் டெக்சாஸ்காரர்கள் கண்டுவைத்திருக்கும் விடை ஒன்று உண்டு: காயை வளையம் வளையமாக நறுக்கி, வினிகரும் சர்க்கரையும் சேர்ந்த பாகில் கொதிக்கவிட்டு ஜாடியில் அடைப்பது. கௌபாய் கேண்டி என்ற பெயரில் கடைகளிலும் கிடைக்கிறது. 1995-இல் ஹாலபீனோவை மாநில மிளகாயாகவே அறிவித்த ஊர் இது. அதைத் தின்பதற்கு வழி தேடாமல் இருப்பார்களா?

மிளகாயில் சர்க்கரையா என்று முகம் சுளிப்பவர்கள் புளிமிளகாயை நினைத்துக்கொள்ளுங்கள். கீறிய பச்சை மிளகாயை எண்ணெயில் வதக்கி, புளியைக் கரைத்து விட்டு, கடைசியில் வெல்லம் போட்டுச் சுண்டவைத்து, தயிர் சாதத்துக்குத் தொட்டுக்கொண்டவர்கள்தானே நாம். உறைப்பு, புளிப்பு, இனிப்பு மூன்றும் ஒரே கரண்டியில் வருவது நமக்குப் புதிதே இல்லை. அதனால்தான் இந்தப் பண்டம் நம்மவர்களிடம் இவ்வளவு வேகமாகப் பரவியது. பரவிய வேகத்தைப் பார்த்துத்தான் இந்த மடலையே எழுதுகிறேன்.

நம் வீடுகளில் எந்தச் சமையல் குறிப்பும் எழுதியபடி நடப்பதில்லை. ஒருவர் உப்பைக் கூட்டுவார், ஒருவர் புளியைக் குறைப்பார். கைப்பக்குவம் என்று அதற்குப் பெருமையும் உண்டு. இந்தப் பண்டத்திலும் அது நடக்கிறது. வினிகர் நெடி பிடிக்கவில்லை என்று பாதியாகக் குறைக்கிறார்கள். குறைத்த பாதிக்குத் தண்ணீர் சேர்க்கிறார்கள். வாசனைக்கு நாலு பல் பச்சைப் பூண்டு, ஒரு துண்டு இஞ்சி, நீளவாக்கில் அரிந்த வெங்காயம். பிறகு சூடாக ஜாடியில் அடைத்து, மூடி இறுகியதும் சரக்கு அலமாரியில் ஏற்றிவிடுகிறார்கள். தீபாவளிப் பையில் முறுக்குக்கும் லட்டுக்கும் நடுவே அந்த ஜாடிதான் நாலு வீட்டுக்குப் போகிறது. பாகில் உங்கள் கைப்பக்குவத்தை எவ்வளவு வேண்டுமானாலும் காட்டுங்கள். வினிகர் அளவில் மட்டும் கைவைக்காதீர்கள். ஏன் என்று கீழே சொல்கிறேன். முதலில் காயிலிருந்து வருவோம்.

நல்ல காய் கெட்டியாக, பளபளவென்று இருக்கும். தோலில் பழுப்பு நிறத்தில் மெல்லிய கீறல்கள் ஓடியிருக்கிறதே என்று சிலர் ஒதுக்குகிறார்கள். அது நோயில்லை. உள்ளே சதை வளரும் வேகத்துக்குத் தோல் ஈடுகொடுக்க முடியாமல் வெடித்து, ஆறிய தழும்பு. முற்றிய காய் என்பதற்கு அடையாளம். மெக்சிகோவில் அப்படிப்பட்ட காயைத் தேடி வாங்குவார்கள். செடியிலேயே சிவந்த காய் இருந்தால் நான்கில் ஒரு பங்கு அதைச் சேருங்கள். பழத்தின் இனிப்பு கூடும், ஜாடிக்குள் பச்சையும் சிவப்பும் கலந்து பார்க்கவும் அழகு. இதே சிவந்த காயைப் புகையில் வாட்டிக் காயவைத்தால் அதுதான் சிபோட்லே. வெராக்ரூஸ் மாநிலத்தின் தலைநகரான ஹலாப்பாவிலிருந்து பெயர் வாங்கிக்கொண்டு கிளம்பிய காய் இது. உலகத்தின் எல்லா மிளகாய்க்கும் அமெரிக்கக் கண்டம்தான் தாய்வீடு. நம் ஊருக்கே அது 16-ஆம் நூற்றாண்டில் போர்த்துகீசியர் கப்பலில் வந்த விருந்தாளிதான்.

காரம் எவ்வளவு இருக்கும் என்பது செடியைப் பொறுத்தது. ஹாலபீனோவுக்கு ஸ்கோவில் கணக்கில் 2,500 முதல் 8,000 வரை சொல்வார்கள். செரானோ அதைவிட இரண்டு மூன்று மடங்கு உறைக்கும். ஹபனேரோ லட்சத்தைத் தாண்டும். இந்தக் கணக்கே சர்க்கரையில் பிறந்தது என்பதை இந்தப் பண்டம் செய்யும் எல்லாரிடமும் சொல்ல எனக்கு ஆசை. வில்பர் ஸ்கோவில் என்ற அமெரிக்க மருந்தாளுநர் 1912-இல் மிளகாயை ஆல்கஹாலில் ஊறவைத்துச் சாரம் எடுத்தார். அதைச் சர்க்கரைத் தண்ணீரில் கலந்து, சுவைத்துப் பார்ப்பவர் நாக்கில் உறைப்பு அறவே தெரியாமல் போகும் வரை நீர்க்க வைத்துக்கொண்டே போனார். எத்தனை மடங்கு நீர்க்க வேண்டியிருந்ததோ அதுதான் அந்த மிளகாயின் எண். இப்போது கருவிகள் அந்த வேலையைச் செய்கின்றன. எண்ணுக்கு மட்டும் அவர் பெயரே நிலைத்துவிட்டது.

உறைப்பைத் தருவது கேப்சைசின். அது விதையில் இருப்பதாகத்தான் பாட்டி காலத்திலிருந்து சொல்லி வருகிறோம். உண்மையில் அது ஊறுவது விதை ஒட்டியிருக்கும் வெள்ளைத் தண்டில். விதைமேல் இருப்பதெல்லாம் அந்தத் தண்டிலிருந்து ஒட்டியதுதான். குழந்தைகளுக்காகச் செய்தால் வெள்ளைத் தண்டை ஒரு சின்னக் கரண்டியின் காம்பால் நெம்பி எடுத்துவிட்டு வளையம் நறுக்குங்கள். பெரியவர்களுக்கு எடுக்கத் தேவையே இல்லை. பாகின் இனிப்பே உறைப்பைக் கொஞ்சம் தணித்துவிடும். நாக்கில் கேப்சைசின் தொடும் உணர்வி, சூட்டை உணர்த்துகிற அதே உணர்விதான். 1997-இல் அதை அடையாளம் கண்டவர் டேவிட் ஜூலியஸ். 2021-இல் அவருக்கு நோபல் பரிசில் பங்கு கிடைத்தது. மிளகாய் கடித்தவன் 'சுடுகிறது' என்று கத்துவது அதனால் மிகையே இல்லை.

கையுறை போட்டுக்கொள்ளுங்கள். சாம்பாருக்கு நாலு மிளகாய் கிள்ளிய கைதானே என்று இரண்டு ராத்தலை வெறுங்கையால் நறுக்கினால் ராத்திரி முழுக்கக் கை எரியும். கான்டாக்ட் லென்ஸ் போடுபவர்களுக்கு அதற்குமேல் விளக்கம் வேண்டாம். கேப்சைசின் தண்ணீரில் கரையாது, எண்ணெயில் கரையும். எரிந்தால் முதலில் சமையல் எண்ணெய் தடவித் தேய்த்து, பிறகு பாத்திரம் கழுவும் சோப்பால் கழுவுங்கள். அடுப்புக்கு மேலே காற்றாடியை ஓடவிட்டு, ஜன்னலையும் திறந்து வையுங்கள். மிளகாயும் வினிகரும் சேர்ந்து கொதிக்கும் ஆவி வீட்டில் உள்ள எல்லாரையும் இருமவைக்கும்.

இனி அளவு. இது குளிர்பதனப் பெட்டியில் வைத்துத் தின்பதற்கான அளவு, அலமாரிக்கு இல்லை. காம்பு நீக்கிய ஹாலபீனோ ஒன்றரை ராத்தல், நம் கணக்கில் சுமார் 700 கிராம். ஆப்பிள் சைடர் வினிகர் ஒரு கப்; சீசாவில் 5 சதவீத அமிலம் என்று எழுதியிருக்க வேண்டும். வெள்ளைச் சர்க்கரை மூன்று கப், அதாவது 600 கிராம். மஞ்சள்தூள் கால் தேக்கரண்டி. ஆமாம், டெக்சாஸ்காரர்களின் பழைய குறிப்புகளிலேயே மஞ்சள் இருக்கிறது, நாம் போய்ச் சொல்லிக்கொடுக்க வேண்டியிருக்கவில்லை. செலரி விதை கால் தேக்கரண்டி, காய்ந்த பூண்டுப்பொடி ஒன்றரை தேக்கரண்டி, மிளகாய்த்தூள் அரைத் தேக்கரண்டி. அரை பைண்ட் ஜாடி மூன்று அல்லது நான்கு நிறையும்.

பாத்திரம் எவர்சில்வராகவோ எனாமலாகவோ இருக்கட்டும். அலுமினியத்தையும் இரும்பையும் வினிகர் அரிக்கும், பாகில் உலோகச் சுவை ஏறும். வினிகர், சர்க்கரை, பொடிகள் எல்லாம் சேர்த்துக் கொதி வந்ததும் தீயைக் குறைத்து ஐந்து நிமிடம். பிறகு மிளகாய் வளையங்களைக் கொட்டி, மறுபடி கொதி வந்ததிலிருந்து நான்கைந்து நிமிடம், அவ்வளவுதான். பளிச்சென்ற பச்சை மங்கி ஆலிவ் நிறத்துக்கு வரும். கண்கரண்டியால் வளையங்களை அள்ளி ஜாடியில் போட்டுவிட்டு, பாகை மட்டும் மீண்டும் அடுப்பில் ஏற்றி ஆறு நிமிடம் தளதளவெனக் கொதிக்கவிடுங்கள்.

காயை எடுத்துவிட்டுப் பாகை ஏன் தனியாகக் கொதிக்கவிட வேண்டும்? ஹாலபீனோவில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். வளையம் பாகில் விழுந்த நொடியிலிருந்து அந்தத் தண்ணீர் வெளியே வரத் தொடங்கும். சர்க்கரை அதைவிட மெதுவாகத்தான் உள்ளே போகும். கெட்டிப் பாகிலேயே காயை வெகுநேரம் கிடத்தினால் தண்ணீர் முழுக்க வெளியேறி, சர்க்கரை உள்ளே போவதற்கு முன்பே வளையம் சுருங்கித் தோலாகிவிடும். மென்று முடியாது. அதனால் காயைக் கொஞ்ச நேரமே வேகவிட்டு வெளியே எடுத்து, அது விட்ட தண்ணீரைப் பாகிலிருந்து வற்றவைத்து, பிறகு ஊற்ற வேண்டும். சர்க்கரை உள்ளே போகும் வேலையை ஜாடிக்குள் நாட்கள் பார்த்துக்கொள்ளும். பூசணிக்காயிலோ நெல்லிக்காயிலோ முரப்பா போட்டவர்கள் நாள்தோறும் பாகை வடித்துக் காய்ச்சி மறுபடி ஊற்றியதும் இதற்காகத்தான்.

அதிரசத்துக்குப் பாகு வைத்துப் பழகிய கைகள் இங்கே ஒரு எச்சரிக்கையைக் கேட்டுக்கொள்ளுங்கள்: கம்பிப் பதம் பார்க்காதீர்கள். விரலில் தொட்டால் பிசுக்கென்று ஒட்ட வேண்டும், கம்பி இழுக்கக் கூடாது. கம்பி இழுக்கும் பாகு ஆறினால் தேன்போல ஓடாது, ஜாடியின் கழுத்தில் இறுகிவிடும். இன்னொன்று: வினிகரின் புளிப்பு, கொதிக்கும்போது சர்க்கரையை உடைத்து வேறு இரண்டு சர்க்கரைகளாக மாற்றிவிடுகிறது. அதனால்தான் இத்தனை சர்க்கரை போட்டும் பாகு ஆறினபின் கல்கண்டு பூப்பதில்லை. சர்க்கரைப் பாகு வைக்கும்போது மாமிகள் ஒரு சொட்டு எலுமிச்சைச் சாறு விடுவார்களே, அந்த வேலையை இங்கே வினிகர் செய்கிறது.

ஊற்றி ஆறவைத்து, மூடி, குளிர்பதனப் பெட்டியில் வையுங்கள். மறுநாளே தின்னலாம், ஆனால் உறைப்பு ஒரு பக்கம், இனிப்பு ஒரு பக்கம் நிற்கும். இரண்டு வாரம் பொறுத்தால்தான் இரண்டும் சேரும். இரண்டு மூன்று மாதம் கெடாது. பெரும்பாலான வீடுகளில் மூன்று வாரம் தாண்டுவதே இல்லை என்பது வேறு விஷயம்.

இதுவரை சொன்னதில் உங்கள் கையைத் தாராளமாகக் காட்டலாம். செலரி விதைக்குப் பதில் ஓமம் போடுங்கள். கடுகை வெடிக்கவிடாமல் அப்படியே போடுங்கள். சீரகம், காய்ந்த சுக்குத்தூள், பட்டை, ஸ்டார் அனீஸ், பெருங்காயம்கூடப் பொருந்தும். காய்ந்த மசாலா எதைக் கூட்டினாலும் குறைத்தாலும் புளிப்பின் அளவு மாறாது. ஹாலபீனோவுக்குப் பதில் செரானோ, ஃப்ரெஸ்னோ, ஊர்க் குண்டு மிளகாய் என எதையும் அதே எடைக்குப் போடலாம்.

கையை விலக்கிக்கொள்ள வேண்டிய இடம் அலமாரி ஜாடி.

நம் ஊறுகாய்கள் ஏன் கெடுவதில்லை? எலுமிச்சையிலும் மாங்காயிலும் இயல்பாகவே புளிப்பு உண்டு. அதற்குமேல் நாம் போடும் உப்பு நாக்கில் கரிக்கும் அளவு. வெயில் தண்ணீரை வற்றவைக்கும். இந்த மூன்றும் சேர்ந்து காக்கின்றன. பச்சை மிளகாயில் புளிப்பு அவ்வளவு இல்லை. இந்தப் பாகில் உப்பே இல்லை. வெயிலும் இல்லை. இவ்வளவு சர்க்கரை இருக்கிறதே, ஜாமைப்போல அது காப்பாற்றாதா என்று கேட்பீர்கள். காய் விட்ட தண்ணீர் சேர்ந்தபின் அந்தப் பாகு ஜாம் அளவு கெட்டியாக இருப்பதில்லை. காப்பது வினிகர் ஒன்றுதான். அதைப் பாதியாக்கிவிட்டு, கொதிக்க வைத்துக் காற்றுப் புகாமல் அடைத்தால், காற்றில்லாத இடத்தில்தான் வளர்வேன் என்று காத்திருக்கும் ஒரு கிருமிக்கு நாமே வீடு கட்டிக்கொடுத்ததாகிவிடும்.

அந்தக் கிருமி கிளாஸ்ட்ரிடியம் பாட்டுலினம். மண்ணில் எங்கும் இருக்கிறது. நம் தோட்டத்து மண்ணிலும். அதன் வித்துகள் 100 டிகிரியில் கொதித்தாலும் சாவதில்லை. 116 டிகிரிக்கு மேலே அழுத்தத்தில் வேகவைக்க வேண்டும். ஆனால் புளிப்பு போதுமான அளவு இருந்தால், அதாவது பி.ஹெச். 4.6 அல்லது அதற்குக் கீழே இருந்தால், வித்து முளைக்காது. முளைத்தால் வரும் நஞ்சு நரம்பைப் பிடிக்கும். கண் இரட்டையாகத் தெரியும், இமை தொங்கும், பேச்சு குழறும், விழுங்க முடியாது, கடைசியில் மூச்சு. ஜாடியில் நாற்றம் வராது, நிறம் மாறாது. 'கெட்டிருந்தால் வாசனையிலேயே தெரிந்துவிடுமே' என்ற நம் நம்பிக்கை இங்கே செல்லாது.

பயமுறுத்துவதற்காகச் சொல்லவில்லை, இது நடந்திருக்கிறது, அதுவும் இதே காயில். 1977 வசந்தத்தில் மிச்சிகன் மாநிலத்தின் போன்டியாக் நகரில் ஓர் உணவகத்தில் சாப்பிட்ட 59 பேருக்கு இந்த நோய் வந்தது. காரணம், வீட்டு முறையில் சரியாகப் பதப்படுத்தாமல் ஜாடியில் அடைத்த ஹாலபீனோவைப் போட்டு அரைத்த காரச் சட்னி. நல்லவேளை, யாரும் சாகவில்லை. 1985-இல் வான்கூவரில் இன்னொன்று. அது எண்ணெயில் போட்டு வைத்த பச்சைப் பூண்டு. எண்ணெய் மேலே நின்றால் ஊறுகாய் கெடாது என்பது பூஞ்சைக்குச் சரி. இந்தக் கிருமிக்கு எண்ணெய் காற்றைத் தடுத்து உதவிதான் செய்யும். இப்போது தெரிகிறதா, ஜாடிக்குள் பச்சைப் பூண்டையும் வெங்காயத்தையும் ஏன் வேண்டாமென்கிறேன் என்று? அவையும் புளிப்பில்லாத காய்கள். ஒவ்வொன்றும் வினிகரில் பங்கு கேட்கும்.

எனவே அலமாரியில் வைக்கத்தான் வேண்டும் என்றால், என் அளவையோ உங்கள் தோழி வாட்ஸ்அப்பில் அனுப்பிய அளவையோ நம்பாதீர்கள். ஜார்ஜியா பல்கலைக்கழகத்தில் இயங்கும் வீட்டு உணவுப் பதப்படுத்தலுக்கான தேசிய மையமும் அமெரிக்க வேளாண் துறையும் வினிகரில் அடைக்கும் மிளகாய்க்குச் சோதித்த குறிப்புகளை வெளியிட்டிருக்கின்றன. டெக்சாஸ் ஏ அண்ட் எம் விரிவாக்கச் சேவை மாவட்டம்தோறும் இருக்கிறது. போனில் கேட்டாலே சொல்வார்கள். அதில் ஒன்றை எடுத்து, எழுதியிருப்பதை அப்படியே செய்யுங்கள். இந்தியாவிலிருந்து அம்மா கொண்டுவந்த வினிகர் சீசா வேண்டாம். அங்கே கடையில் விற்கும் செயற்கை வினிகர் பெரும்பாலும் 4 சதவீதம். சர்க்கரைக்குப் பதில் வெல்லம் என்ற யோசனையும் அலமாரி ஜாடிக்கு வேண்டாம். வெல்லம் காய்ச்சும்போது அழுக்கெடுக்கச் சுண்ணாம்பு சேர்ப்பது உண்டு. சுண்ணாம்பு புளிப்பைத் தின்றுவிடும். குளிர்பதனப் பெட்டி ஜாடிக்குப் பாதிச் சர்க்கரை, பாதி வெல்லம் என்று போட்டுப் பாருங்கள், நிறம் கறுத்தாலும் ருசி புளிமிளகாய்க்கு வெகு அருகில் வந்துவிடும்.

சுண்ணாம்பு என்றதும் ஞாபகம் வருகிறது. மிளகாய் மொறுமொறுவென்று இருக்க, சமையலுக்கான சுண்ணாம்பு கரைத்த தண்ணீரில் இரவெல்லாம் ஊறவைக்கும் முறையை அந்த மையத்தின் குறிப்பிலேயே பார்ப்பீர்கள். நல்ல முறைதான். ஆனால் அலசி, நல்ல தண்ணீரில் ஒரு மணி நேரம் ஊறப்போட்டு, கொட்டி, இப்படி மூன்று முறை செய்யச் சொல்லியிருப்பார்கள். ஒருமுறை அலசினால் போதாதா என்று தோன்றும். போதாது. அத்தனை பொறுமை இல்லாதவர்கள் கடையில் கிடைக்கும் கால்சியம் குளோரைடு தூளை ஜாடிக்கு ஒரு சிட்டிகை போடுங்கள். அது புளிப்போடு வம்புக்குப் போகாது.

அடைக்கும் முறை சுலபம். மேசன் ஜாடி 1858-இல் காப்புரிமை பெற்ற சாமான். அதன் திருகு வாயும், பின்னால் வந்த தட்டை மூடியும் வளையமும் இன்றுவரை பெரிதாக மாறவில்லை. வெந்நீரில் சூடாக இருக்கும் ஜாடியில் காயும் கொதிபாகும் நிரப்பி, மேலே குறிப்பு சொல்லும் இடைவெளியை விட்டு, ஒரு குச்சியால் காற்றுக் குமிழிகளை வெளியேற்றி, வாய்ப்பகுதியைத் துடைத்து, மூடியை விரல்நுனி இறுக்கத்தில் திருகுங்கள். ஆழமான பாத்திரத்தின் அடியில் கம்பித்தட்டு, ஜாடிகளுக்கு மேலே ஒரு அங்குலமாவது தண்ணீர். இட்லிப் பானை போதாது, அளந்து பாருங்கள். தண்ணீர் மறுபடி கொதிக்கத் தொடங்கிய பிறகுதான் நிமிடக் கணக்கு. மிளகாய் வளையங்களுக்குப் பொதுவாகப் பத்து நிமிடம் என்றிருக்கும். அது ஹூஸ்டனுக்கும் டல்லாஸுக்கும் ஆஸ்டினுக்கும் சரி. லப்பக், எல் பாஸோ நண்பர்கள் கடல் மட்டத்துக்கு 3,000 அடிக்கு மேலே இருக்கிறீர்கள். அங்கே தண்ணீர் 100 டிகிரிக்கு முன்பே கொதித்துவிடும். 1,000 அடியைத் தாண்டினால் ஐந்து நிமிடம் கூட்டிக்கொள்ள வேண்டும். நம் விசில் குக்கரில் வைத்தால் வேலை சீக்கிரம் முடியுமே என்று கேட்பவர்களுக்கு: முடியாது. இங்கே ஜாடி அடைக்க விற்கும் அழுத்தக் கொப்பரை வேறு, நம் குக்கர் வேறு. சோதித்த நேரங்கள் எதுவும் குக்கருக்கு எழுதப்பட்டவை இல்லை.

வெளியே எடுத்து வைத்தால் கொஞ்ச நேரத்தில் மூடிகள் ஒவ்வொன்றாக 'டிங்' என்று உள்ளே குழியும். அந்தச் சத்தத்துக்காகவே ஜாடி போடுகிறவர்கள் இருக்கிறார்கள், நானும் அந்தக் கட்சிதான். மறுநாள் மூடியின் நடுவே அமுக்கிப் பாருங்கள். மேலே எம்பினால் அந்த ஜாடி குளிர்பதனப் பெட்டிக்குப் போக வேண்டியது.

விற்கப் போகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. வீட்டுச் சமையலறைப் பண்டங்களுக்கான டெக்சாஸ் சட்டம் 2019-இல் விரிந்தபோது வினிகரில் அடைத்த காய்களுக்கும் இடம் வந்தது. ஆனால் சோதித்த குறிப்போ, பி.ஹெச். 4.6-க்கு மேல் போகவில்லை என்ற சான்றோ கேட்கும். பொங்கல் விழாவில் கடை போடுவதற்கு முன் அதைப் படித்துவிடுங்கள்.

எதோடு தின்பது? இந்த ஊர்க்காரர்கள் க்ரீம் சீஸ் கட்டியின்மேல் ஒரு கரண்டி கவிழ்த்து, பிஸ்கட்டில் தடவித் தின்பார்கள். பாலில் உள்ள புரதமும் கொழுப்பும் உறைப்பைத் துடைத்து எடுத்துவிடுவதால் அந்த ஜோடி அவ்வளவு பொருத்தம். அதே காரணத்தால் தயிர் சாதம். வெறும் தயிர் சாதத்தில் நான்கு வளையம், வேறெதுவும் வேண்டாம். அடைக்கு அவியலைத் தள்ளி வைக்கும் துணிச்சல் எனக்கில்லை. ஆனால் உப்புமாவுக்குச் சர்க்கரை தொட்டுக்கொள்ளும் வீடுகளுக்கு இது தெய்வ வரம். காய் தீர்ந்த பிறகும் நிற்கும் பாகைக் கொட்டிவிடாதீர்கள். எலுமிச்சை ஜூஸில் ஒரு கரண்டி விடலாம். முந்திரியை அதில் புரட்டி அடுப்பில் வறுக்கலாம். கோழித்துண்டுகளைச் சுடும்போது கடைசி ஐந்து நிமிடத்தில் தடவலாம். முன்பே தடவினால் சர்க்கரை கருகும்.

இனி அந்தத் தீபாவளிப் பை. போடுங்கள், அவசியம் போடுங்கள். நாலு இனிப்புக்கு நடுவே எல்லாரும் முதலில் திறப்பது அந்த ஜாடியைத்தான். ஆனால் ஜாடியில் ஒரு சீட்டு ஒட்டுங்கள். செய்த தேதி ஒன்று. குளிர்பதனப் பெட்டியில் வைக்க வேண்டியதா, அலமாரியில் நிற்குமா என்பது இன்னொன்று. முதல் வகை ஜாடிகளைப் பையில் போடாமல் கையில் கொடுத்து, 'போனதும் ஃப்ரிட்ஜில் வையுங்கள்' என்று வாயாலும் சொல்லிவிடுவது நல்லது. யாராவது உங்களிடம் சீட்டில்லாத ஜாடியைக் கொடுத்தால் வெட்கப்படாமல் கேளுங்கள்: வினிகரைக் குறைத்தீர்களா? கோபித்துக்கொள்வார்கள். பரவாயில்லை.

என்னிடமிருந்து ஜாடி வாங்கிப் போனவர்களுக்குத் தனியாக: ஜாடியும் வளையமும் திரும்பி வர வேண்டும். தட்டை மூடி ஒருமுறைக்குத்தான், அதை எறிந்துவிடுங்கள். வெறும் பாத்திரமாகத் திருப்பித் தருவது நம் வழக்கமில்லை என்று தெரியும். எதையாவது போட்டே தாருங்கள், மிளகாயை மட்டும் தவிர்த்து.

அன்புடன்,
உங்களைப்போலவே கூடை நிறைய ஹாலபீனோவோடு நிற்கும் ஒரு ஹூஸ்டன்வாசி